காராயி கேட்ட பூ

கட்டினவருக்குத் தெரியும், எடுத்தவருக்குத் தெரியாது, கேட்டவர் கையைப் பிசைந்துகொண்டு நிற்பார். அது என்ன, சொல்லு பார்க்கலாம்? மூட்டையா? இல்லை. கட்டுச்சோறா? உனக்கு எப்பவும் சோற்று நினைப்புத்தான். தெரியலையா? நானே சொல்கிறேன். பூப்பொட்டலம். கோயிலில் பூக்கட்டிப் பார்ப்பார்களே, அதுதான்.

புளியந்துறை என்று ஆற்றங்கரையில் ஓர் ஊர் இருந்தது. அந்த ஊரில் பூக் கேட்காமல் ஒரு துரும்பு நகராது. ஓர் இலையில் வெள்ளைப் பூ, ஓர் இலையில் சிவப்புப் பூ, இரண்டையும் வெளியே தெரியாமல் மடித்து, நாரால் கட்டி, அம்மன் முன்னால் போடுவார் சடையன் பூசாரி. அந்தப் பக்கம் ஓடுகிற ஏதாவது ஒரு பிள்ளையைக் கூப்பிட்டு ஒன்றை எடுக்கச் சொல்வார். வெள்ளை வந்தால் செய்யலாம். சிவப்பு வந்தால் கூடாது. முதலில் கல்யாணத்துக்கும் விதைப்புக்கும்தான் கேட்டார்கள். அப்புறம் மாடு விற்கக் கேட்டார்கள், அப்புறம் கூரை மாற்றக் கேட்டார்கள். அப்புறம் ஒருத்தர் மொட்டை போட உட்கார்ந்தவர், பாதியில் சந்தேகம் வந்து ஓடிப்போய்ப் பூக் கேட்டார். சிவப்பு வந்துவிட்டது. மிச்சப் பாதி முடியோடு அவர் எத்தனை நாள் திரிந்தார், பாவம். சிரிக்காதே, நிஜமாகத்தான்.

அந்த ஊரில் காராயி என்று ஒருத்தி இருந்தாள். தாய் தகப்பன் இல்லை. ஓர் எருமை வைத்துப் பால் கறந்து, மோர் கடைந்து பிழைத்தாள். தினமும் ஒரு சொம்பு மோர் கோயிலுக்கும் கொடுப்பாள். நல்ல கெட்டிக்காரி. எருமையின் நடையைப் பார்த்தே அதற்கு என்ன நோவு என்று சொல்லிவிடுவாள். தனக்கு என்ன வேண்டும் என்று மட்டும் சொல்லத் தெரியாது. யாரும் அவளிடம் அதைக் கேட்டதே இல்லையே, எப்படித் தெரியும்?

ஒரு நாள் உப்பு வண்டிக்காரன் இருளப்பன் வந்தான். மோர் வாங்கிக் குடித்தான், இன்னொரு சொம்பு வாங்கிக் குடித்தான், அப்புறம் போகாமல் நின்றான்.

"என்ன, இன்னும் தாகம் தீரலையா? எருமையையே குடிச்சிடுவீங்க போலிருக்கே" என்றாள் காராயி.

"காராயி, எனக்கு உன்னைப் புடிச்சிருக்கு. கட்டிக்கலாம்னு பார்க்கிறேன். நீ என்ன சொல்றே?"

அவளுக்கு நெஞ்செல்லாம் நிறைந்துபோயிற்று. ஆனால் வாய் என்ன சொல்லிற்று தெரியுமா? "பூக் கேட்டுச் சொல்றேன்."

"நான் பூவையா கட்டிக்கப் போறேன்?" என்று சிரித்துக்கொண்டே போனான் அவன்.

காராயி கோயிலுக்குப் போய்ப் பூக் கேட்டாள். சிவப்பு வந்தது. அன்றைக்கு அழுதாள். அறுவடை முடிந்து இருளப்பன் மறுபடியும் வந்து கேட்டான். காராயி மறுபடியும் போய்ப் பூக் கேட்டாள். மறுபடியும் சிவப்பு வந்தது. அன்றைக்கும் அழுதாள்.

மூன்றாவது தடவை அவன் வந்தபோது வண்டியை விட்டு இறங்கவில்லை.

"பூ சொன்னதை ரெண்டு தடவை கேட்டாச்சு. இப்போ நீ சொல்லு. வேணும்னா வேணும், வேண்டாம்னா வேண்டாம். ஒரே ஒரு வார்த்தை போதும், நான் கோவிச்சுக்க மாட்டேன்."

காராயி வாயைத் திறந்தாள். "நாளைக்கு... கேட்டுச் சொல்றேனே" என்றாள்.

இருளப்பன் மூக்கணாங்கயிற்றைக் கையில் எடுத்தான். "உடம்பைப் பார்த்துக்கோ" என்று சொல்லிவிட்டு மாட்டைத் தட்டினான். அப்புறம் அவன் அந்தப் பக்கம் வரவே இல்லை.

காராயிக்கு வேறு யாரையும் கட்டிக்கொள்ளத் தோன்றவில்லை. எருமை கன்று போட்டது, அந்தக் கன்று எருமையாகிக் கன்று போட்டது, காராயிக்குத் தலை நரைத்தது. அம்மன் வேண்டாமென்றால் அதில் ஏதோ நல்லது இருக்கும் என்று மனத்தைத் தேற்றிக்கொண்டு, எப்போதும் போலத் தினமும் கோயிலுக்கு ஒரு சொம்பு மோர் கொண்டுபோய்க் கொடுத்து வந்தாள்.

அப்புறம் ஒரு மழைக்காலம். மேற்கே மலையில் கொட்டிய மழையில் ஆறு பொங்கி வந்தது. பூசாரி வீடுதான் தண்ணீருக்கு ரொம்பப் பக்கம். போகலாமா, இருக்கலாமா? ஊருக்கெல்லாம் பதில் சொன்ன மனுஷருக்குத் தன் வீட்டுக்கு ஒரு பதில் தெரியவில்லை. முதல் வீட்டுக்கு ஓடிப்போய்க் கேட்டார். "பூக் கட்டிப் பாருங்க பூசாரி" என்றார்கள். இரண்டாம் வீட்டில் கேட்டார். "பூக் கட்டிப் பாருங்க பூசாரி" என்றார்கள். மூன்றாவதாகக் காராயியிடம் வந்தார்.

"ஆத்தா, நீயாவது சொல்லு. மாட்டை அவிழ்த்துக்கிட்டு மேட்டுக்குப் போகட்டுமா, இருக்கட்டுமா?"

"எனக்கென்ன தெரியும்? பூக் கட்டிப் பாருங்க."

"அட, அதுல என்ன இருக்கு! நான்தானே கட்டுறேன்? எனக்கு எது தோணுதோ அந்தப் பூவைத்தான் ரெண்டு இலையிலும் வைப்பேன்!"

பதற்றத்தில் வாய் தவறிவிட்டது. காராயி கேட்டாள்:

"எனக்கும் அப்படித்தான் வச்சீங்களா?"

பூசாரி தலையைக் குனிந்தார். "நீ வண்டியேறிப் போயிட்டா கோயிலுக்கு மோர் யாரு கொடுப்பா?"

ஒரு சொம்பு மோர், கண்ணு. ஒரு சொம்பு மோருக்காக. அம்மன் என்ன செய்வாள்? அவளை யார் கேட்டார்கள்? எல்லாரும் பூசாரியைத்தானே கேட்டார்கள்.

அவர்கள் பேசி முடிப்பதற்குள் தண்ணீர் வந்துவிட்டது. பூசாரி வீடு போயிற்று, நெல்லுக் குதிர் போயிற்று, மாடு போயிற்று. விஷயம் தெரிந்த ஊர் பூசாரியைச் சும்மா விடுமா? திட்டித் தீர்த்துவிட்டது. அவர் மகள் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தார். அங்கே எப்போது எழுந்திருக்க வேண்டும், எப்போது சாப்பிட வேண்டும், எந்த மூலையில் படுக்க வேண்டும் என்று எல்லாவற்றையும் மருமகன்தான் சொல்வான். பூசாரி "சரி" என்பார். சாகிற வரைக்கும் "சரி" என்றுதான் சொன்னார்.

காராயிக்கு அதில் சந்தோஷமில்லை. ராட்டினம் மாதிரி ஒரே நினைப்புச் சுற்றிச் சுற்றி வந்தது. முதல் தடவை பூசாரி ஏமாற்றினார். இரண்டாம் தடவையும் ஏமாற்றினார். மூன்றாவது தடவை அவர் பக்கத்திலேயே இல்லையே! இருளப்பனும் நானும்தானே இருந்தோம்? அந்த ஒரு வார்த்தையை யார் தடுத்தார்கள்?

ஊர்க்காரர்களோ ஒரு மாதம்கூடச் சும்மா இருக்கவில்லை. கூடிப் பேசி, தேங்காய் பழத்தோடு காராயி வீட்டுக்கே வந்துவிட்டார்கள். "நீ பொய் சொல்லமாட்டே. இனிமே நீயே பூக் கட்டு" என்றார்கள். முன்னால் நின்றவள் வேலம்மா. தன் மகள் மயிலியையும் கையில் பிடித்திருந்தாள்.

"அக்கரையிலே என் நாத்தனார் இவளைக் கூப்பிடுறா. வச்சுப் படிக்க வைக்கிறேங்கிறா. அனுப்பலாமா? ஒரு பூக் கட்டிச் சொல்லுக்கா."

"கட்ட மாட்டேன்" என்றாள் காராயி. அவள் அவ்வளவு உறுதியாகப் பேசி யாரும் கேட்டதில்லை. "போகப் போறது இவதானே? இவளைக் கேட்டியா?"

"இந்தப் பொடிசையா? இதுக்கு என்னக்கா தெரியும்?"

காராயி மயிலி முன்னால் உட்கார்ந்தாள். போகிறேன் என்று அந்தப் பிள்ளை சொல்ல வேண்டும் என்று அவள் மனசு கிடந்து தவித்தது. ஆனால் அதை முகத்தில் காட்டவில்லை. அக்கரையில் என்ன இருக்கிறது, இங்கே என்ன இருக்கிறது, அங்கே போனால் அம்மாவை எப்போது பார்க்கலாம் என்று ஒன்று விடாமல் சொன்னாள். "நல்லா யோசி. அவசரமில்லை" என்றாள்.

மயிலி அம்மாவைப் பார்த்தாள். ஆற்றைப் பார்த்தாள். ரொம்ப நேரம் யோசித்தாள். ஊரே காத்துக்கொண்டு நின்றது.

"நான் போகலை" என்றாள் மயிலி. அவள் சொன்னதே முடிவாயிற்று, அவள் போகவில்லை.