தாழம்பூத் தைலத்தின் விலை

வெகு காலத்துக்கு முன்னால் செங்கழுநீர் நாட்டை வில்லவராயன் என்றொரு ராஜா ஆண்டுவந்தார். நல்லவர்தான். ஆனால் நினைத்தால் நினைத்ததுதான். ஒருநாள் அற்பச் சண்டை ஒன்றில் ராணி கோபித்துக்கொண்டு தகப்பன் வீட்டுக்குப் போய்விட்டாள். போய் அழைத்துவர ராஜாவுக்கு ரோஷம் இடம் கொடுக்கவில்லை. அதற்குப் பதிலாக ஓர் உத்தரவு போட்டார்: "நான் பெண்டாட்டி முகம் பார்க்காத வரை அரண்மனையில் எவனும் பெண்டாட்டி முகம் பார்க்கக் கூடாது. யாரும் வீட்டுக்குப் போகாதீர்கள்!"

மூன்று மாதம் ஓடிற்று. மந்திரி மருதவாணரின் மனைவி அரை நாள் நடையில் ஆற்றூரில் இருந்தாள். தினமும் சாயங்காலம் மந்திரி கோட்டை மதில் மேல் ஏறி அந்தத் திசையைப் பார்த்துவிட்டு, இறங்கி வருவார்.

ஒருநாள் ராஜா சபையில் பெருமூச்சு விட்டார். "அந்தப்புரத்தில் ராணியின் தாழம்பூ வாசனைகூடப் போய்விட்டது. அந்தத் தைலத்தையாவது வாங்கித் தெளியுங்கள்."

கஜானா அதிகாரி விருத்தகிரி முந்திக்கொண்டார். மந்திரியைக் கண்டாலே அவருக்கு வயிறு எரியும். "என் மைத்துனனிடம் இருக்கிறது மன்னா. நாற்பது குப்பி அறுபது பொன். தங்களுக்காகக் கால் பங்கு தள்ளுபடி!"

மந்திரி, ராணிக்கு வாடிக்கையாகத் தைலம் கொடுத்த பொற்கிளியை அழைத்துவந்தார். "அதே அளவு குப்பிதான் சாமி," என்றாள் அவள். "இருபத்தைந்து குப்பி முப்பது பொன். பத்தில் ஒரு பங்கு தள்ளித் தருகிறேன்."

விருத்தகிரி விழுந்து விழுந்து சிரித்தார். "காலும் பத்தில் ஒன்றும் சமமா? மந்திரிக்கு வீட்டு ஞாபகத்தில் கணக்கே மறந்துவிட்டது!"

"பொற்கிளியுடையதுதான் மலிவு மன்னா."

"நிரூபியும்!" என்றார் ராஜா. "ஜெயித்தால் கேட்டதைத் தருகிறேன். தோற்றால் இன்னும் ஒரு வருஷம் ஆற்றூர்ப் பக்கமே போகக் கூடாது."

மந்திரி ஒரு கணம் ஆற்றூர்த் திசையைப் பார்த்தார். பிறகு நிதானமாகச் சொன்னார்:

"நம் நாட்டில் ஒரு பொன்னுக்குப் பத்துப் பணம், ஒரு பணத்துக்குப் பத்துக் காசு. அறுபதில் கால் பங்கு போனால் நாற்பத்தைந்து பொன். நாற்பது குப்பிக்கும் ஒவ்வொரு பொன் போட்டால் மீதி ஐந்து பொன், அதாவது ஐம்பது பணம். குப்பிக்கு ஒரு பணம் போட்டால் மீதி பத்துப் பணம், அதாவது நூறு காசு. குப்பிக்கு இரண்டரைக் காசு. ஆக, ஒரு குப்பி ஒரு பொன், ஒரு பணம், இரண்டரைக் காசு."

"இவளுடையது?" என்றார் ராஜா.

"முப்பதில் மூன்று போனால் இருபத்தேழு பொன். இருபத்தைந்து குப்பிக்கும் ஒவ்வொரு பொன் போட்டால் மீதி இரண்டு பொன், அதாவது இருபது பணம். குப்பிக்கு ஒரு பணம் போட அது போதாது. பணத்தின் இடத்தில் சுழி. காசாக்கினால் இருநூறு. குப்பிக்கு எட்டுக் காசு."

"பார்த்தீர்களா! எட்டு பெரிதா, இரண்டரை பெரிதா?" என்று குதித்தார் விருத்தகிரி.

"இடத்தைப் பாரும் ஐயா. உங்கள் குப்பியில் பொன்னுக்கு மேலே ஒரு பணமும் இரண்டரைக் காசும். அது பன்னிரண்டரைக் காசு. இவள் குப்பியில் பொன்னுக்கு மேலே எட்டே காசு. நாலரைக் காசு குறைவு. தள்ளுபடி பெரிதாக இருந்து என்ன, முதல் விலையை ஏற்றி வைத்திருக்கிறாரே உங்கள் மைத்துனர்!"

சபை சிரித்தது. விருத்தகிரி தலை குனிந்தார்.

"என்ன வேண்டும், கேளும்," என்றார் ராஜா.

"எல்லோரும் வீட்டுக்குப் போக வேண்டும் மன்னா."

ராஜாவின் முகம் வாடியது. "நீங்கள் எல்லோரும் போய்விடுவீர்கள். நான் எங்கே போவேன்?"

பொற்கிளி தயங்கித் தயங்கிச் சொன்னாள்: "மகாராஜா, போன வாரம் ராணியம்மா ஊருக்குப் போயிருந்தேன். குப்பியைக் கையில் வாங்கிப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். 'இதைப் பூசிக்கொண்டு யாருக்காக உட்கார்ந்திருக்க?' என்றார்கள்."

ராஜா எழுந்துவிட்டார். "விருத்தகிரி, எல்லோரும் திரும்பும்வரை கோட்டைக் காவல் உம்முடையது. குதிரையைக் கொண்டு வாருங்கள்!"

அன்று மாலை மந்திரி ஆற்றூர் எல்லையைத் தொட்டபோது கிட்டத்தட்ட ஓடிக்கொண்டிருந்தார். ராஜாவோ மாமனார் வாசலில் குதிரை மேலேயே உட்கார்ந்திருந்தார், கூப்பிடத் தைரியம் வராமல். கூப்பிடாமலே கதவு திறந்தது. ராணிதான்.

"இவ்வளவு நாள் ஆயிற்றா, வழி தெரிய?" என்றாள்.

எதற்கும் சட்டென்று உத்தரவு போடும் வில்லவராயன் மெல்லக் குதிரையை விட்டு இறங்கினார்.