சுட்டிக்குப் போட்ட ஊசி

கோணங்குளத்து ஆட்கள் சொன்ன சொல்லைத் தட்ட மாட்டார்கள். அவர்களிடம் உள்ள ஒரே கோளாறு அதுதான்.

பக்கத்து ஊர் மாடுகளுக்குக் கோமாரி வந்து, வாயும் குளம்பும் புண்ணாகிக் கிடப்பதாகச் செய்தி வந்தது. ஊரே பயந்தது. சுந்தரத்தாய் ரொம்பவே பயந்தாள். அவளுக்கு இருப்பது ஒரே மாடு. முழுக்கக் கறுப்பு, நெற்றியில் மட்டும் வெள்ளையாக ஒரு சுட்டி. அதனால் பெயரும் சுட்டி. அது கறக்கிற பாலில்தான் அவள் வீட்டில் உலை கொதித்தது.

கால்நடை டாக்டர் இன்னாசிமுத்து தடுப்பூசி மருந்தோடு வந்து இறங்கினார். இறங்கியதுமே, ஒரு பசு கன்று போட முடியாமல் தவிக்கிறது என்று வயல்காட்டுக்குக் கூப்பிட்டார்கள். மருந்து இருந்த ஐஸ் பெட்டியைப் பால் சங்கத் தலைவர் பூவலிங்கத்திடமும் செயலாளர் சங்கிலியிடமும் ஒப்படைத்தார். மருந்து சூடாகக் கூடாது, அதனால் யார் கேட்டாலும் பெட்டியைத் திறக்கக் கூடாது. மாடு மிரளக் கூடாது, அதனால் சத்தம் கூடாது. இவ்வளவுதான் சொன்னார்.

அவர் தலை மறைந்ததும் மாட்டு மணிகளில் எல்லாம் பஞ்சை அடைத்தார்கள். ஊரே கிசுகிசுவென்று பேச ஆரம்பித்தது. தும்மல் வந்தவர்கள் கண்மாய்க் கரைக்குப் போய்த் தும்மிவிட்டு வந்தார்கள்.

டாக்டர் திரும்பி வந்து பெட்டியைக் கேட்டார். சங்கிலி அதன்மேல் ஏறி உட்கார்ந்துகொண்டான்.

"யார் கேட்டாலும் திறக்கக் கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரு" என்று டாக்டரின் காதிலேயே கிசுகிசுத்தான்.

டாக்டர் கெஞ்சினார், அதட்டினார். கேட்கக் கேட்கத்தான் சங்கிலி இன்னும் அழுத்தி உட்கார்ந்தான். கடைசியில் அவர் அலுத்துப்போய் வேப்பமரத்தடியில் பேசாமல் உட்கார்ந்துவிட்டார். பூவலிங்கம் சுற்றுமுற்றும் பார்த்தார்.

"இப்ப யாரும் கேக்கலையே. திறப்பா" என்றார்.

ஊசி போடுவது ஒழுங்காகவே தொடங்கியது. மாட்டுக்கு மாடு ஊசியை மாற்றி, கழுத்துப் பக்கத்தில் டாக்டர் குத்தினார். குத்தின மாட்டின் நெற்றியில் சங்கிலி சுண்ணாம்புப் பொட்டு வைத்தான். பொட்டு வைத்த மாட்டுக்கு இன்னொரு தடவை போட்டுவிடக் கூடாது என்பது டாக்டர் சொன்ன அடுத்த சொல்.

சுட்டியின் முறை வந்தது. சங்கிலி குறுக்கே வந்து நின்றான்.

"இதுக்குப் போட்டாச்சு."

அது பிறவிச் சுட்டி என்றார் டாக்டர்.

"அப்பப் பிறக்கிறப்பவே போட்டுருக்காங்க" என்றார் பூவலிங்கம்.

சுந்தரத்தாய் அழுதே விட்டாள், அதுவும் சத்தமில்லாமல். தன் மாட்டுக்கு இதுவரை ஒரு ஊசியும் போட்டதில்லை என்று சத்தியம் செய்தாள். எதற்கும் சோதித்துவிடலாம் என்று சங்கிலி தேங்காய் நாரால் பக்கத்து மாட்டின் நெற்றியையும் சுட்டியின் நெற்றியையும் தேய்த்தான். பக்கத்து மாட்டின் பொட்டு ஒரே இழுப்பில் அழிந்தது. சுட்டியின் வெள்ளை இன்னும் பளிச்சென்று ஆனது.

"இது அசல் ஊசி தலைவரே" என்று சங்கிலி கையெடுத்துக் கும்பிட்டான். அழிந்த பொட்டை மறக்காமல் திரும்ப வைத்தான்.

சுந்தரத்தாயும் கோணங்குளத்துக்காரிதான். ஆனால் மாடு அவளுடையது. வீட்டுக்கு ஓடினாள், உலைப்பானையின் அடிக்கரியை இரண்டு கையாலும் வழித்துக்கொண்டு வந்து சுட்டியின் நெற்றியில் அப்பினாள்.

"பொட்டில்லாத மாடு ஒண்ணு நிக்குது. டாக்டரை ஏன் காக்க வைக்கிறீங்க?" என்றாள்.

இருவரும் உற்றுப் பார்த்தார்கள். பொட்டு இல்லைதான். தலையாட்டி வழிவிட்டார்கள். டாக்டர் ஊசியைப் போட்டார். சங்கிலி சுண்ணாம்பை எடுத்தபோது, கரியைத் துடைத்தாலே போதுமே என்றார் பூவலிங்கம். துடைத்தார்கள். பொட்டு தானாக வந்து நின்றது. டாக்டரும் தப்பித்தோம் என்று வண்டியேறினார்.

சாயங்காலம் நல்ல மழை.

மறுநாள் விடிந்ததும் பூவலிங்கம் டாக்டருக்குப் போன் செய்தார். குரலில் வருத்தம் இருந்தது.

"நேத்துப் போட்ட ஊசி அவ்வளவும் மழையில கரைஞ்சுபோச்சு டாக்டரய்யா. சுந்தரத்தாய் மாட்டுக்குப் போட்டது மட்டும்தான் நிக்குது. அதே மருந்தை எல்லாத்துக்கும் கொண்டாந்துருங்க."

டாக்டர் வாயைத் திறப்பதற்குள் அவரே தொடர்ந்தார்.

"நீங்க ஒண்ணும் சிரமப்பட வேண்டாம். எல்லா மாட்டு நெத்தியிலயும் கரி பூசித் தயாரா நிறுத்தியிருக்கோம். வந்து ஊசியைப் போட்டுட்டுத் துடைச்சுப் பாக்க வேண்டியதுதான்."