நாரை உட்கார்ந்த இடம்

அந்தக் காலத்தில், ஏரியில் எல்லாப் பறவைகளும் ஓயாமல் பேசிக்கொண்டிருந்தபோது, சங்குவளை நாரைகளுக்கும் கணீரென்ற குரல் இருந்தது. வால் பக்கமும் வெள்ளைவெளேரென்று இருக்கும். நெட்டையன் என்ற நாரைக்குத் தன் குரல்மேல் கொள்ளைப் பெருமை. வெண்ணி என்ற பெண் நாரைமேல் கொள்ளை ஆசை.

ஒருநாள் ஊர்கூடி நிற்க, அவளுக்கு மீன் கொடுத்துச் சம்மதம் கேட்கக் கிளம்பினான். கீழே பார்த்து நடந்திருக்கலாம். மிடுக்குக் காட்டத் தலையை வானத்துக்குத் தூக்கிக்கொண்டு, கல்லென்று நினைத்து ஆமையை மிதித்தான்.

ஆமை நகர்ந்தது. மீன் எகிறிப் போய், கொட்டாவி விட்ட கூழைக்கடாப் பறவையின் பை போன்ற வாய்க்குள் விழுந்தது. அதைப் பிடிக்கப் பாய்ந்தவன் சேற்றில் வழுக்கி, வெண்ணியையும் இடித்துத் தள்ளிவிட்டு, சப்பாத்திக்கள்ளிமேல் பொத்தென்று உட்கார்ந்தான். பழங்கள் நசுங்கின. எழுந்தால் பின்பக்கமெல்லாம் இளஞ்சிவப்பு!

ஏரியே விழுந்து விழுந்து சிரித்தது. அப்போதாவது வாயை மூடிக்கொண்டிருக்கலாம்.

"நான் ஒழுங்காத்தான் வந்தேன். இவதான் காலை நீட்டித் தடுக்கி விட்டா!" என்று கத்தினான்.

எல்லாரும் வெண்ணியைப் பார்த்தார்கள். "நானா?" என்று மட்டும் கேட்டாள். சேறு படிந்த முகத்தோடு தலைகுனிந்து நாணலுக்குள் போய்விட்டாள்.

நெட்டையனுக்கு உடம்பெல்லாம் கூசியது. விழுந்ததற்காக அல்ல, சொன்னதற்காக. கழுவக் கழுவக் கறை போகவில்லை. மன்னிப்புக் கேட்கப் போகும்போதெல்லாம், இந்த வாய்தானே பொய் சொன்னது என்று பாதி வழியிலேயே திரும்பிவிடுவான். அப்படியே பேசாமல் கிடந்தான். மழைக்காலம் வந்தபோது பேச நினைத்தும் குரல் வரவில்லை. அலகு மட்டும் டக் டக்கென்று அடித்துக்கொண்டது.

வேறு வழி தெரியாமல், எல்லாரும் கூடியிருந்த வேளையில் கரைக்கு வந்தான். அன்று நடந்ததை அப்படியே நடித்துக் காட்டினான். தலையைத் தூக்கி நடந்தான். ஆமையை மிதித்தான். யாரும் தடுக்காமல் தானே வழுக்கினான். கடைசியில் அதே கள்ளிமேல் மறுபடியும் உட்கார்ந்தான்.

"அட, இவனாத்தான் விழுந்தானா!" என்றது கூழைக்கடா. மறுபடியும் ஏரி முழுக்கச் சிரிப்பு. நெட்டையன் எழுந்திருக்கவில்லை. வெட்கத்தில் கண்ணை மூடிக்கொண்டு, சிரிப்பையெல்லாம் வாங்கிக்கொண்டான்.

வெண்ணி நாணலிலிருந்து வந்தாள். "போதும், எனக்குப் புரிஞ்சுது" என்றாள். பிறகு அவன் பக்கத்தில், அதே கள்ளிமேல் பொத்தென்று உட்கார்ந்தாள். முள் குத்தியும் முனகவில்லை. நசுங்கிய பழச்சாறு அவள் வால் பக்கத்திலும் ஒட்டிக்கொண்டது. தன் அலகால் அவன் அலகைத் தட்டினாள். அதற்குப்பின் அவளும் பேசவில்லை.

இந்தமுறை ஏரியில் ஒருவரும் சிரிக்கவில்லை.

அன்று முதல்தான் சங்குவளை நாரைகள் குரலெழுப்பாமல் அலகைத் தட்டியே காதல் சொல்கின்றன. அவன் பட்ட வெட்கத்தில் அவள் பங்கு கேட்டாளே, அதனால்தான் ஆணுக்கும் பெண்ணுக்கும் வால் பக்கத்தில் ஒரே மாதிரி இளஞ்சிவப்பு.