ஆழங்கிணற்று நிறுத்தம்

"அந்த நிறுத்தம் எத்தனை எண்ணிக்கை, வாத்தியாரே?"

திருமேனி இதைக் கேட்டபோது அவர் கையில் பறையும் இல்லை, குச்சிகளும் இல்லை. இரண்டையும் வெள்ளத்தாய் சற்று முன்புதான் வாங்கிக் கீழே வைத்திருந்தாள்.

விடிந்தால் விழா. நூறாவது ஆண்டு.

திருமேனி கல்லூரியில் முப்பத்திரண்டு வருடம் வரலாறு நடத்தி ஓய்வு பெற்றவர். ஆழங்கிணறு என்ற அந்த ஊரில் பங்குனிதோறும் நடக்கும் கிணற்றடி விழாவைப் பற்றி நானூறு பக்கத்துக்குப் புத்தகம் எழுதியவர். எழுதியதோடு விட்டிருக்கலாம். பறையும் கற்றுக்கொள்கிறேன் என்று ஒரு வருடத்துக்கு முன் வெள்ளத்தாயிடம் வந்து சேர்ந்தார்.

வெள்ளத்தாய்க்கு நாற்பத்திரண்டு வயது. பன்னிரண்டு ஊர்ப் பறைகள் கூடும் அந்த விழாவில் முன்வரிசை அவளுடையது. அவள் அவரை சார் என்பாள். அவர் அவளை வாத்தியாரே என்பார். யார் யாரிடம் படிக்கிறார்கள் என்று பார்க்கிறவர்களுக்குக் குழப்பமாகத்தான் இருக்கும்.

அன்று காலை கடைசி ஒத்திகை. பறைகள் ஏறி ஏறி உச்சத்துக்குப் போகும். அங்கே சட்டென்று மொத்தமும் நிற்கும். குச்சிகள் அந்தரத்தில் நிற்கும். கொஞ்ச நேரம் கழித்து வெள்ளத்தாய் முதல் அடி அடிப்பாள். அதன்பிறகுதான் மற்றவர்கள்.

திருமேனி முந்திக்கொண்டார். ஒற்றைப் பறை, தனியாக.

யாரும் சிரிக்கவில்லை. வரிசையின் கடைசியில் நின்ற கொம்பையா கண்ணை இறுக மூடிக்கொண்டார்.

"நாளைக்கு நீங்க வரிசையில நிக்க வேணாம் சார்," என்றாள் வெள்ளத்தாய்.

அவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. நாளைக்குப் புத்தக வெளியீடு. மகளும் மருமகனும் ஊரிலிருந்து கிளம்பிவிட்டார்கள். அழைப்பிதழிலேயே அவர் பறையடிக்கும் படம் இருக்கிறது.

அதனால்தான் கேட்டார், எத்தனை எண்ணிக்கை என்று.

வெள்ளத்தாய் பறையின் விளிம்பில் ஒட்டியிருந்த வைக்கோல் துரும்பைத் தட்டிவிட்டாள்.

திருமேனி நோட்டை எடுத்தார். அவர் எதற்கும் ஒரு நோட்டு வைத்திருப்பார்.

"இருபத்திமூணு வருஷத்து ஒலிப்பதிவு என்கிட்ட இருக்கு. ஒரு வருஷம் ஏழு. ஒரு வருஷம் பதினொண்ணு. உங்க அப்பா காலத்துல ஒரு தடவை பதினாலு. எல்லாத்துக்கும் சராசரி போட்டேன், ஒன்பது வருது. இன்னைக்கு ஒன்பதுலதான் அடிச்சேன்."

"சரியாத்தான் எண்ணியிருக்கீங்க."

"அப்புறம் என்ன தப்பு?"

"எண்ணுனதுதான்."

இதற்கு என்ன செய்வது? குறித்துக்கொள்ளக்கூட ஏதுமில்லை.

அந்த நிறுத்தம் சாதாரண நிறுத்தம் இல்லை. விழாவை ஊர் ஊராகக் கொண்டுபோனதே அதுதான். பட்டணத்துக் கல்லூரிப் பிள்ளைகள் பறையடித்தால் நடுவில் ஒரு தடவை நிறுத்தி விசில் வாங்காமல் விடமாட்டார்கள். கல்யாண ஊர்வலத்தில் மாப்பிள்ளை காரிலிருந்து இறங்குமுன் நிறுத்துகிறார்கள். தலைவர் மேடையேறுமுன் நிறுத்துகிறார்கள். ஒரு சோப்பு விளம்பரத்தில் குமிழி உடைவதற்கு முன்னால்கூட அது வந்துவிட்டது. ஆழங்கிணற்று நிறுத்தம் என்று அதற்குப் பெயரே வைத்துவிட்டார்கள்.

திருமேனியின் புத்தகத்தில் ஒன்பதாவது அத்தியாயம் முழுக்க அதைப் பற்றித்தான். மௌனத்தின் அழகு என்று தலைப்புக் கொடுத்திருந்தார்.

"உங்க புத்தகத்துல விழா எப்படி ஆரம்பிச்சதுன்னு எழுதியிருக்கீங்கல்ல? அதை வாசிங்க," என்றாள் வெள்ளத்தாய்.

அவர் முகம் கொஞ்சம் தெளிந்தது. முதல் பிரதி பையிலேயே இருந்தது. தொண்டையைச் செருமிக்கொண்டு வாசித்தார்.

"கொடும் பஞ்சம் நிலவிய ஆண்டு. ஊரின் நிலக்கிழார்களான பெரிய வீட்டார் பன்னிரண்டு ஊர்ப் பறைக் கலைஞர்களையும் வரவழைத்தனர். மழை வேண்டிக் கிணற்றடியில் மூன்று நாட்கள் இடைவிடாது பறை முழங்கியது. மூன்றாம் நாள் மாலை வானம் திறந்தது. வறண்டு கிடந்த கிணறு நிரம்பி வழிந்தது. மக்கள் ஆனந்தக் கூத்தாடினர்."

"நல்லா எழுதியிருக்கீங்க."

அவள் கேலி செய்யவில்லை.

"ஒண்ணு கேக்கட்டுமா சார்? மூணு நாளும் இடைவிடாம அடிச்சாங்கன்னா, பறையை எப்பக் காய்ச்சுனாங்க?"

திருமேனி அந்த வரியை விரலால் தேடினார்.

பறையின் தோல் அடிக்க அடிக்கத் தொய்ந்துபோகும். சத்தம் மழுங்கும். வைக்கோலைக் கொளுத்தி, அந்தச் சூட்டில் பறையைப் பிடித்துக் காட்டினால்தான் தோல் மறுபடி இறுகிப் பேசும். இந்த ஒரு வருடத்தில் எத்தனையோ தடவை காய்ச்சி முழங்கை மயிரெல்லாம் பொசுங்கியிருக்கிறது அவருக்கு. ஆனாலும் இடைவிடாது என்று எழுதிய கை அது. அச்சுக்கும் போய்விட்டது.

"பாதிப் பேரு அடிக்கும்போது பாதிப் பேரு காய்ச்சியிருப்பாங்க," என்றார்.

"ஆமா. ரெண்டு நாளு அப்படித்தான் ஓடுச்சு. மூணாம் நாளு மழைக்காத்து வந்துச்சுல்ல?"

அவர் பிடித்துக்கொண்டார். சும்மாவா முப்பத்திரண்டு வருடம் பாடம் நடத்தினார்.

"ஈரக்காத்து! எல்லாத் தோலும் ஒரே நேரத்துல தொய்ஞ்சிருக்கும். எல்லாரும் சேர்ந்து நிறுத்தியிருப்பாங்க. அப்ப நிறுத்தம்கிறது பறை காயற நேரம். அதான் வருஷத்துக்கு வருஷம் மாறுது. இல்லையா?"

பேனாவைத் தேடினார். ஒன்பதாவது அத்தியாயத்தை மறுபதிப்பில் திருத்திவிடலாம்.

"பேனா இருக்கட்டும். வாங்க," என்றாள் வெள்ளத்தாய்.

ஊருக்குப் பெயர் தந்த அந்தக் கிணறு விழாத்திடலின் நடுவிலேயே இருக்கிறது. அகலமான வாய், சுற்றிலும் கல்படி, ஐம்பது அடி ஆழம். தண்ணீர் இல்லை. நூறாவது ஆண்டுக்காக விழாக்குழு கைப்பிடிச் சுவருக்குச் சுண்ணாம்பு அடித்து மாவிலை கட்டியிருந்தது.

"கீழ போயி உக்காந்து உங்க பேரைச் சொல்லுங்க. எங்களுக்குக் கேட்டா நிறுத்துறோம்."

ஏதோ ஒலி ஆராய்ச்சி போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு திருமேனி இறங்கினார். முட்டி வலித்தது. பாதிக்கு மேல் படிகள் சரிந்திருந்தன. கையை ஊன்றி ஊன்றித்தான் போக முடிந்தது. அடியில் சருகும், ஒரு பழைய வாளியின் பிடியும் கிடந்தன.

அண்ணாந்து பார்த்தார். கொப்பரை அளவுக்கு வானம். விளிம்பில் பன்னிரண்டு தலைகள்.

பறைகள் ஆரம்பித்தன.

"திருமேனி," என்றார் அவர்.

தன் குரல் தன் காதிலேயே விழவில்லை.

கொஞ்சம் உரக்கச் சொன்னார். பிறகு கத்தினார். சத்தம் மேலிருந்து வரவில்லை, சுவரிலிருந்து வந்தது. தரையிலிருந்து வந்தது. பல்லில் வந்து இடித்தது. இதெல்லாம் வாத்தியாரம்மாவின் விளையாட்டு என்று அவருக்குத் தெரியும். ஏறி வந்துவிடலாம் என்றும் தெரியும். தெரிந்தும் கல்லை எடுத்துச் சுவரில் தட்டினார். தட்டியதும் கேட்கவில்லை. அடுத்து மகளின் பெயரைச் சொல்லிக் கத்தினார். அதை ஏன் கத்தினார் என்று அவருக்கே தெரியாது.

எத்தனை நேரம் போனதோ. தொண்டை கட்டிவிட்டது.

சட்டென்று பறைகள் நின்றன.

காது அடைத்துக்கொண்ட மாதிரி இருந்தது. மேலே யாரோ இருமினார்கள். வைக்கோல் எரிகிற சடசடப்பு கேட்டது. அப்படியானால் அவர்களுக்கும் கேட்கும். அழுகை வந்துவிட்டது அவருக்கு. எச்சிலை விழுங்கிக்கொண்டு, "நான்... திரு..." என்று ஆரம்பித்தார்.

பறையடிகள் மறுபடி விழுந்தன.

திருமேனி தரையில் உட்கார்ந்துவிட்டார்.

அவர்கள் ஓய்ந்தபிறகு கொம்பையா பாதிவரை இறங்கி வந்து கைகொடுத்துத் தூக்கிவிட்டார். மேலே வந்ததும் திருமேனிக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

"என்ன வாத்தியாரே இது? பேரைச் சொல்ல வாயெடுத்தேன். அதுக்குள்ள அடிச்சிட்டீங்க."

"கேட்டுச்சு சார்."

"கேட்டுச்சா? கேட்டுமா அடிச்சீங்க?"

"அன்னைக்கும் கேட்டுச்சு," என்றாள் வெள்ளத்தாய்.

அவருக்கு விளங்கச் சற்று நேரமானது. விளங்கியதும் கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டார். கையில் சுண்ணாம்பு ஒட்டியது.

"உள்ள ஆள் இருந்தாங்களா?"

"இருந்தாங்க."

"யாரு?"

"தெரியாது. ஆணா பொண்ணான்னுகூடத் தெரியாது. பெரிய வீட்டுக்கு ஆகாத யாரோ."

"யாரு உள்ள போட்டது?"

"யாரு பறையடிக்கச் சொன்னாங்களோ அவுங்க."

"உங்க ஆளுங்களுக்கு அது தெரியுமா?"

"மூணாம் நாளு வரைக்கும் தெரியாது. மழைக்குத்தான் அடிக்கிறோம்னு மனசார அடிச்சோம். ஈரக்காத்து வந்து நிறுத்துனப்பத்தான் உள்ளயிருந்து சத்தம் வந்துச்சு. நான்னு சொல்லுச்சு. அப்புறம் பேரைச் சொல்ல வந்துச்சு."

"அப்புறம்?"

"பெரிய வீட்டு ஆளு அடிங்கடான்னான். அடிச்சோம்."

நூறு வருடத்துக்கு முந்தைய சங்கதி. ஆனாலும் 'அடித்தார்கள்' என்று அவள் சொல்லவில்லை.

திருமேனி பையைத் தொட்டுப் பார்த்தார். புத்தகம் உள்ளே இருந்தது. கிணறு நிரம்பி வழிந்தது. மக்கள் ஆனந்தக் கூத்தாடினர். அவர் எழுதியதுதான்.

"மறு வருஷம் எதுக்குப் போனீங்க?" என்று கேட்டார்.

"மழை வந்துருச்சுல்ல. இனிமே வருசா வருசம் விழான்னு பெரிய வீட்டுல சொல்லிட்டாங்க. கூப்பிட்டு போகாம இருக்க அன்னைக்கு யாரால முடியும்? போனோம். உச்சத்துல நிறுத்துனோம். அவ்வளவுதான் எங்களால ஆனது."

கொம்பையா துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"முதல் அடி எப்பவும் எங்க வீட்டுதுன்னு எழுதியிருக்கீங்களே, பரம்பரை மரியாதைன்னு," என்றாள் வெள்ளத்தாய். "அன்னைக்கு மறுபடி குச்சிய எடுத்து முதல்ல அடிச்சது எங்க பூட்டன்."

அதற்குப் பிறகு திருமேனி எண்ணிக்கையைப் பற்றிக் கேட்கவில்லை.

மறுநாள் மாலை திடலில் எள் போட இடமில்லை. மகளும் மருமகனும் முதல் வரிசையில் இருந்தார்கள். மேடைக்குப் பக்கத்தில் புத்தகக் கட்டுகள் கயிறு அவிழ்க்காமல் கிடந்தன. அவிழ்க்க வேண்டாம் என்று திருமேனி சொல்லிவிட்டார். ஏன் என்று கேட்ட விழாக்குழுத் தலைவர் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு அமர்ந்திருந்தார்.

வரிசை கட்டும் நேரத்தில் வெள்ளத்தாய் திருமேனியிடம் வந்தாள். பறையை அவர் தோளில் மாட்டினாள். குச்சிகள் இரண்டையும் கையில் கொடுத்தாள்.

"நிக்க வேணாம்னீங்களே?"

"நில்லுங்க. இன்னைக்கு முதல் அடி உங்களுது."

"ஐயோ, வேணாம் வாத்தியாரே. என்னால ஆகாது."

"யாராவது ஒருத்தர் அடிச்சுத்தானே ஆகணும் சார்?" என்று சொல்லிவிட்டு அவள் தன் இடத்துக்குப் போனாள்.

பன்னிரண்டு ஊர்ப் பறைகளும் பேசத் தொடங்கின. மாவிலை கட்டிய கிணற்றைச் சுற்றி ஆட்டம். புழுதி எழும்பியது. பிள்ளைகளைத் தோளில் தூக்கிக்கொண்டு தகப்பன்கள் ஆடினார்கள். உச்சம் வந்தது.

நின்றது.

கூட்டம் விசிலடித்தது. இந்த இடத்துக்காகத்தானே இத்தனை பேர் வந்திருக்கிறார்கள். கைபேசிகள் எழுந்தன. வெளியூர்ப் பிள்ளைகள் கோரசாக எண்ணினார்கள். ஐந்து, ஆறு, ஏழு.

திருமேனியின் குச்சி தலைக்கு மேலே நின்றது.

ஒன்பது. பதினொன்று. பதினான்கு.

எண்ணியவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். விசில் குறைந்தது. இருபதோடு எண்ணுவதை விட்டுவிட்டார்கள். கைதட்டல் ஓய்ந்தது. ஒரு குழந்தை அழுதது, அதையும் யாரோ தட்டிக்கொடுத்து அடக்கினார்கள். நூறு வருடத்தில் அந்தத் திடல் இப்படி அடங்கியதே இல்லை. மாவிலை உரசுகிற சத்தம் கேட்டது.

மைக்செட்காரருக்கு வியர்த்துவிட்டது. ஒயர் எங்கேயோ விட்டுப்போயிருக்கிறது என்று பயந்துபோய், குனிந்தபடி ஓடிவந்து திருமேனி பக்கத்தில் நின்றார்.

"சார், என்ன ஆச்சு? இன்னும் எத்தனை எண்ணிக்கை?" என்று கிசுகிசுத்தார்.

திருமேனி கிணற்றைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"பேரைச் சொல்லி முடிக்கட்டும்," என்றார்.