பாதிக்கு மேல் திரும்பாத அடுப்பு

காலை ஒன்பது மணி. நான்காவது ஸ்டேக். கொண்டு வந்தவர் பெயர் சூசைநாதன்.

டிபன் டப்பாவைத் திறந்து லெயோனியின் மேஜை மேல் வைத்தார்.

"பாருங்கம்மா. நீங்க சொன்னபடியேதான் செஞ்சேன். ஒரு வரி விடலை."

லெயோனி எட்டிப் பார்த்தார். உள்ளே ஒரு துண்டு மாட்டிறைச்சி. மழையில் நனைந்த சுவரின் நிறம். அதைச் சுற்றிக் காளானும் கிரீமும் ஒயினும் சேர்ந்த குழம்பு. தண்ணீர் தனியாகப் பிரிந்து நின்றது.

முள்கரண்டியால் குத்தினார். இறங்கவில்லை.

"செருப்புக் கடையில குடுத்தா இதையே அடியா வச்சுத் தைப்பான், சார்."

"சிரிக்காதீங்க."

"வீட்டம்மா சாப்பிட்டாங்களா?"

"ஒரு வாய். அதையும் கைக்குட்டையில துப்பிட்டா. நான் பார்க்கலைன்னு நெனச்சிக்கிட்டா."

லெயோனி டப்பாவை மூடினார். அதற்கு மேல் கேலி செய்யவில்லை.

லெயோனிக்கு முப்பத்து மூன்று வயது. புதுச்சேரியில் கடற்கரைப் பக்கம் மூன்று வீடுகளில் சமைக்கிறார். சனிக்கிழமைகளில் முத்தியால்பேட்டையில் தன் வீட்டில், கேட்டு வருபவர்களுக்குக் கற்றுத் தருகிறார். அவரிடம் கற்றவர்கள் ஒன்று சொல்வார்கள்: கேள்வி கேட்டால் பதில் வராது, வேலை வரும்.

சூசைநாதனுக்கு அறுபத்தொன்று. தீயணைப்பு நிலைய அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவர். முப்பத்து நான்கு வருட சேவை.

அவர் மனைவி மார்செலினுக்கு வயிற்றில் கட்டி. எடுத்தாக வேண்டும். ரத்த அளவு ஏழில் நின்றது. பத்து வராமல் கத்தி வைக்க மாட்டேன் என்றார் டாக்டர்.

"மாத்திரை பாதி வேலைதான் செய்யும். மீதிய நீங்க தட்டுல வைக்கணும். ஆகஸ்ட் மூணாவது வாரத்துக்கு மேல தள்ள முடியாது."

மார்செலின் தட்டைத் தள்ளினார். கஞ்சி, சூப், ஈரல், முருங்கைக்கீரை எல்லாவற்றையும். நாக்கில் ஒன்றும் தெரியவில்லை, மண்ணைத் தின்பது போல் இருக்கிறது என்றார்.

அவர் படுத்த இருபத்தாறாம் நாள் ஒரு பெயர் சொன்னார். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்து, தன் கையால் செய்யும் ஸ்டேக். வெண்ணெய், காளான், ஒயின், கிரீம்.

"அது இருந்தா ஒரு வாய் எறங்கும் போல."

"எப்படிச் செய்யணும்? சொல்லு, எழுதிக்கறேன்."

"அதுல சொல்றதுக்கு என்ன இருக்கு?" என்று மார்செலின் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

அதனால்தான் சூசைநாதன் லெயோனியிடம் வந்தார். சனிக்கிழமை வகுப்பில் மற்றவர்கள் ருசி பார்த்தார்கள். இவர் எழுதிக்கொண்டார்.

"இறைச்சிய கழுவினீங்களா?" என்று கேட்டார் லெயோனி.

"கழுவாமயா? மஞ்சப்பொடி போட்டு மூணு தண்ணி."

"காளான?"

"ஊற வச்சுக் கழுவினேன்."

லெயோனி அடுப்பில் இரும்புச் சட்டியை வைத்தார். காய்ந்ததும் விரலை நனைத்து ஒரு சொட்டு உதறினார். சொட்டு ஓரிடத்தில் நிற்கவில்லை. ஓடி ஓடிக் காணாமல் போனது.

"தண்ணிக்கும் இதுக்கும் ஆகாது, சார்."

"அப்போ கழுவவே கூடாதா? மாட்டிறைச்சிய கழுவாம சமைச்சேன்னு தெரிஞ்சா அவ என்னை வெளிய தள்ளிடுவா."

லெயோனி உள்ளே போய், துவைத்து மடித்த துண்டு ஒன்றை எடுத்து வந்து கொடுத்தார்.

"இத வச்சு என்ன செய்யறது?"

"குழந்தைய குளிப்பாட்டி முடிச்சதும் என்ன செய்வீங்க?"

சூசைநாதன் துண்டோடு கிளம்பினார்.

மறுநாள். காலை ஒன்பது. ஐந்தாவது.

"துடைச்சேன். கண்ணாடி மாதிரி துடைச்சேன். காளான ஒவ்வொண்ணா எடுத்துத் துடைச்சேன்."

லெயோனி டப்பாவைத் திறந்தார். அதே நனைந்த சுவரின் நிறம்.

"எவ்வளவு நேரம் அடுப்புல இருந்துச்சு?"

"நாப்பத்தஞ்சு நிமிஷம்."

"நான் எவ்வளவு சொன்னேன்?"

"பக்கத்துக்கு நாலு நிமிஷம்."

"நாலு எங்க, நாப்பத்தஞ்சு எங்க?"

"நாலு நிமிஷத்துல அது கண்ணே முழிக்கலையேம்மா. பச்சையா கிடக்குது. அப்படியே தூக்கி அவ தட்டுல வைக்கச் சொல்றீங்களா?"

லெயோனி செருப்பை மாட்டினார்.

"எங்க கிளம்பிட்டீங்க?"

"உங்க அடுப்பப் பார்க்க."

"அடுப்புல ஒரு குறையும் இல்ல. வருஷா வருஷம் டியூப் மாத்தறேன்."

"நடங்க."

வழியில் கட்டைவிரல் கனத்துக்கு இரண்டு துண்டு இறைச்சி வாங்கினார்கள். காளானும் வாங்கினார்கள். ஒயினும் கிரீமும் வீட்டில் மீதி இருந்தன.

சூசைநாதன் வீட்டுச் சமையலறை சுத்தமாக இருந்தது. அடுப்புக்கு இடப்பக்கம் ஒரு வாளி மணல். வலப்பக்கம் நனைத்து மடித்த சாக்கு. மூலையில் சிவப்பு நிறத் தீயணைப்பான். ஜன்னலில் திரைச்சீலை இல்லை, கம்பி மட்டும் இருந்தது. சுவரில் காலண்டர் மாட்டியிருந்த ஆணி மட்டும் இருந்தது.

"இது சமையலறையா, உங்க ஸ்டேஷனா?"

சூசைநாதன் சாக்கின் மடிப்பைச் சரி செய்தார்.

லெயோனி அடுப்பைப் பற்ற வைத்தார். திருகைத் திருப்பினார். பாதியில் நின்றது. குனிந்து பார்த்தார். திருகின் கழுத்தில் செம்புக் கம்பி சுற்றி, அதன் மறுமுனையை அடுப்பின் காலோடு முறுக்கிக் கட்டியிருந்தது.

"இது என்ன?"

"பாதுகாப்பு."

"யார் கட்டினது?"

"நான்தான். அவ படுத்த அன்னைக்கே கட்டிட்டேன். பாதிக்கு மேல திரும்பாது. எனக்குச் சமைச்சுப் பழக்கம் இல்ல. கை தவறிடும்."

"இந்தத் தீயில சட்டி காயவே காயாதே."

"மெதுவா காயும்."

"இறைச்சி மெதுவா அழும், சார். அழுத தண்ணியிலயே நாப்பத்தஞ்சு நிமிஷம் கிடந்து வெந்திருக்கு."

சூசைநாதன் குரலைத் தாழ்த்தினார். பக்கத்து அறையில் மார்செலின் படுத்திருந்தார்.

"உங்களுக்குத் தெரியாதும்மா. முன்னூத்திப் பன்னண்டு சமையலறைக்குள்ள போயிருக்கேன். கரியப் பார்த்தே எந்த இடத்துல என்ன இருந்துச்சுன்னு சொல்லுவேன். எத்தனையோ வீட்டுல இப்படி ஒரு திருகல்லதான் ஆரம்பிச்சது."

"எரியாத சமையலறை எத்தனைக்குள்ள போயிருக்கீங்க?"

சூசைநாதன் அடுப்பைப் பார்த்தார்.

"இந்த வீட்டுலயே..."

"அவங்க சமைக்கும்போது?"

"டூட்டி. ஞாயிற்றுக்கிழமையும் டூட்டி. நான் வர்றப்போ எல்லாம் மூடி வச்சிருக்கும்."

"ரிட்டயர் ஆன பிறகு?"

"அவ அடுப்பப் பத்த வச்சா நான் மாடிக்குப் போயிடுவேன்."

"எண்ணிச் சொல்லுங்க."

சூசைநாதன் கையைப் பார்த்தார். ஒரு விரலை மடக்கினார்.

"இது ஒண்ணுதான்."

லெயோனி நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். கம்பியைத் தொடவில்லை. அவிழ்க்கச் சொல்லவும் இல்லை.

பக்கத்து அறையில் இருமல் சத்தம் கேட்டது.

சூசைநாதன் அலமாரியிலிருந்து கட்டிங் பிளேயரை எடுத்து வந்தார். கம்பி பதினோரு சுற்று இருந்தது.

திருகை முழுக்கத் திருப்பினார். நீலத் தீ சட்டியின் அடியைப் பிடித்துக்கொண்டு விரிந்தது. அவர் இரண்டடி பின்னால் நகர்ந்தார்.

"உங்கள ஒண்ணும் செய்யாது. துடைங்க."

துடைத்தார். உப்பும் மிளகும் தூவினார். சட்டியில் எண்ணெய் ஊற்றினார். ஒரு நிமிடத்தில் எண்ணெயிலிருந்து மெல்லிய புகை எழுந்தது.

"புகையுது!"

"இறைச்சிய வைங்க."

"புகையுதும்மா!"

"அதுக்குத்தானே இவ்வளவு நேரம் காத்திருந்தோம்."

வைத்தார். சட்டி கத்தியது. ஏழு வாரமாக அந்த வீட்டில் கேட்காத சத்தம்.

கரண்டியை எடுத்துப் புரட்டப் போனார்.

"தொடாதீங்க."

"ஒட்டிக்கிச்சு."

"அதுவா விடும்."

நான்கு நிமிடம் கழித்து அதுவாக விட்டது. புரட்டினார். வறுத்த காப்பிக்கொட்டையின் நிறம். சூசைநாதன் குனிந்து அதைப் பார்த்தபடியே இருந்தார்.

"வாய்ல போட்டுக்கப் போறீங்களா? அடுத்த பக்கம் ஓடுது, மணியப் பாருங்க."

அடுத்த நான்கு நிமிடம். பிறகு இறைச்சி ஒரு தட்டுக்குப் போனது.

"இது இப்போ சும்மா இருக்கட்டும்."

"ஆறிடுமே."

"சும்மா இருக்கட்டும், சார். எப்பவும் யாராவது எதையாவது செஞ்சுக்கிட்டே இருக்கணுமா?"

அதே சட்டியில் வெண்ணெய். காளான். அது ஓரம் சிவந்ததும் பொடியாக நறுக்கிய சின்ன வெங்காயமும் பூண்டும். சமையலறைக்கு ஒரு மணம் வந்தது. லெயோனி நாற்காலியை விட்டு எழுந்து பக்கத்தில் வந்து நின்றார்.

"ஒயின். அரை டம்ளர்."

சூசைநாதன் ஊற்றினார்.

சட்டியிலிருந்து தீ முகத்தின் உயரத்துக்கு எழுந்தது.

அவர் யோசிக்கவில்லை. இடது கை மூடியை எடுத்தது. வலது கை மூலையை நோக்கிப் போனது. முப்பத்து நான்கு வருடம் அந்தக் கைகளுக்கு அதுதான் வேலை.

லெயோனி அவருடைய இடது மணிக்கட்டைப் பிடித்தார். இறுக்கிப் பிடிக்கவில்லை.

"எண்ணுங்க."

"கைய விடுங்கம்மா!"

"எண்ணுங்க, ஆபீசர்."

"ஒண்ணு. ரெண்டு."

தீ நீலமாக நின்றது.

"மூணு. நாலு. அஞ்சு."

உயரம் குறைந்தது.

"ஆறு. ஏழு."

சட்டியின் விளிம்பில் வளையமாக ஓடியது.

"எட்டு. ஒன்பது."

இல்லை.

ஒயின் கொதித்துக்கொண்டிருந்தது. சூசைநாதன் சட்டியைப் பார்த்தார். கூரையைப் பார்த்தார். கூரை வெள்ளையாக இருந்தது. மூடி இன்னும் அவர் கையில் இருந்தது.

"யார் அணைச்சது?"

"கிரீம ஊத்துங்க. அடிப்பிடிக்கும்."

ஊற்றினார். குழம்பு இளம் பழுப்பில் திரண்டது. தண்ணீர் பிரியவில்லை.

அப்போது பக்கத்து அறையிலிருந்து குரல் வந்தது.

"என்னங்க."

"என்னம்மா?"

"புகை வருது. ஃபயர் சர்வீசுக்குப் போன் போடட்டுமா?"

சூசைநாதன் அடுப்பு மேடையைப் பிடித்துக்கொண்டார். ஏழு வாரத்தில் மார்செலின் யாரையும் கேலி செய்திருக்கவில்லை.

"வேணாம்," என்றார். "வேணாம். வண்டி வந்துடுச்சு."

"லேட்டாதான் வந்திருப்பீங்க."

மார்செலின் சுவரைப் பிடித்தபடி சமையலறை வாசல் வரை வந்துவிட்டார். லெயோனி தன் நாற்காலியை அவர் பக்கம் தள்ளினார். சூசைநாதன் தட்டை வைத்தார். இறைச்சி மேல் குழம்பை ஊற்றினார். கத்தி வைத்தார். கத்தி தடையில்லாமல் இறங்கியது.

மார்செலின் ஒரு வாய் சாப்பிட்டார். மென்றார். விழுங்கினார்.

சூசைநாதன் கைக்குட்டையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். அது மடியிலேயே கிடந்தது.

"உப்பு கம்மி," என்றார் மார்செலின்.

"என்ன சொன்னே?"

"உப்பு கம்மின்னேன். காதும் போச்சா?"

"உப்பு தெரியுதா உனக்கு?"

மார்செலின் மெல்லுவதை நிறுத்தினார். கணவரைப் பார்த்தார். தட்டைப் பார்த்தார். பிறகு இன்னொரு துண்டு வெட்டினார்.

"ரொட்டி இருந்தா எடுத்துட்டு வாங்க. குழம்பு வீணாகுது."

சூசைநாதன் ரொட்டியைக் கொடுத்துவிட்டுத் திரும்பியபோது லெயோனி அங்கே இல்லை. வெளியே கேட்டைத் திறந்துகொண்டிருந்தார். சூசைநாதன் செருப்பில்லாமல் ஓடினார்.

"அம்மா. அந்தத் தீ."

"அதுக்கென்ன?"

"தானா அணைஞ்சுடுச்சு."

"ஆமா."

"முப்பத்து நாலு வருஷத்துல நான் அப்படி ஒண்ணு பார்த்ததே இல்ல."

லெயோனி கேட்டைச் சாத்தினார்.

"அதுக்குள்ள நீங்க வந்துடறீங்களே, சார்."

அன்றிலிருந்து மார்செலின் தட்டைத் தள்ளவில்லை. ஆகஸ்ட் 18 அன்று அவர் ரத்த அளவு பத்து புள்ளி ஒன்று. ஆகஸ்ட் 21, வியாழக்கிழமை, காலை எட்டு ஐம்பதுக்கு அவரை அறுவை அரங்குக்குள் கொண்டு போனார்கள். பதினொன்றே காலுக்கு டாக்டர் வெளியே வந்து, நல்லபடியாக முடிந்தது என்றார்.