தவிட்டுக்கொய்யா குனிந்த நாள்

அந்தக் காலத்தில், ஆடும் மரமும் பேசிக்கொண்டிருந்தபோது, நீலகிரியின் உச்சிப் புல்வெளியில் தவிட்டுக்கொய்யா நெடிய மரமாக நின்றது. அங்கிருந்து பார்த்தால் சமவெளி வரை தெரியும். அதன் கருஞ்சிவப்புப் பழங்கள் பறவைகளுக்கு மட்டுமே எட்டின.

கருங்கொம்பி என்ற வரையாட்டுக்கு ஒரே குட்டி. அதற்கு அந்தப் பழத்தின்மேல் கொள்ளை ஆசை.

"அக்கா, ஒரு கிளையைக் கொஞ்சம் தாழ்த்தக் கூடாதா?" என்று கேட்டாள் கருங்கொம்பி.

"குனிந்து பழக்கமில்லை, தங்கச்சி. விழுவதைப் பொறுக்கிக்கொள்ளச் சொல்."

"விழ விட்டால்தானே. உன் விருந்தாளிகள் கொட்டையைக்கூட விட்டுவைப்பதில்லை."

மரம் சிரித்தது. "கோபித்துக்கொள்ளாதே. நீ பாறைக்கு அப்பால் போய் மேய்ந்துவிட்டு வா. குட்டியை நான் பார்த்துக்கொள்கிறேன். எந்த மலையில் செந்நாய் கிளம்பினாலும் என் கண்ணுக்குத் தப்பாது."

கருங்கொம்பி நம்பிப் போனாள்.

மேய்ந்து திரும்பியவள் மேடேறியதும் அப்படியே நின்றுவிட்டாள். மரம் இருந்த இடத்தில் வெறும் வானம் இருந்தது. புல் மிதிபட்டுக் கிடந்தது. ஈர மண்ணெங்கும் செந்நாய்களின் கால்தடம். குட்டியைக் கூப்பிட்டபடி அங்குமிங்கும் ஓடினாள்.

அருகே முழங்கால் உயரப் புதர் ஒன்று அசைந்தது. அதற்குள்ளிருந்து குட்டி தலையை நீட்டியது. வாயெல்லாம் கருஞ்சிவப்பு, மார்பு வரை வழிந்திருந்தது. கருங்கொம்பி அதனிடம் பாய்ந்தாள்.

"அம்மா, புளிக்கவே இல்லை" என்றது குட்டி, மென்றுகொண்டே.

முகர்ந்து பார்த்தாள். பழச்சாறு.

"மெதுவாகப் பேசு, தங்கச்சி. செந்நாய்கள் இப்போதுதான் போயின" என்றது புதர். அது அக்காவின் குரல். "நான் தொலைவையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவை என் காலடிப் புல்லுக்குள் படுத்திருந்தன. கத்தினாலும் உனக்குக் கேட்காது. குட்டியின்மேல் அப்படியே கவிழ்ந்துவிட்டேன்."

"சரி, எழுந்திரு அக்கா."

புதர் முயன்றது. இலைகள் நடுங்கின, முதுகு நிமிரவில்லை. கருங்கொம்பி மூக்கால் ஓர் இலையைப் புரட்டினாள். அடிப்பக்கம் முழுக்கக் குட்டியின் மென்மயிர் ஒட்டியிருந்தது.

"இனி உனக்குச் சமவெளி தெரியாதே" என்றாள்.

"தெரியாதுதான். உன் குட்டியின் காதுக்குள் ஓர் உண்ணி இருக்கிறது. அது தெரிகிறது."

அன்று முதல்தான் தவிட்டுக்கொய்யா மலைப் புல்வெளியில் தாழ்ந்தே வளர்கிறது. இலையின் அடியில் மென்மயிர் வைத்திருக்கிறது. உள்ளே யாராவது ஒளிந்திருக்கலாம் என்று, உறைபனிக் காலத்திலும் பச்சை மாறாமல் இருக்கிறது.