நாற்பத்து மூன்று வார்னிங்

"அம்மணி, இந்தப் பாழாப்போன செக்கர் என்னை நம்பவே மாட்டேங்குதுங்க."

மாசிலாமணி புலம்பிக்கொண்டே வந்து நின்றார். வயது ஐம்பத்திரண்டு. கால் நூற்றாண்டு கணக்கு வாத்தியாராக இருந்து, அடுத்தவர் தாளில் சிவப்பு மை போட்டே பழகிய கை. இப்போது கோயமுத்தூரில், டிரிப்ஸ் ஏற்றுகிற பம்ப் செய்யும் ஒரு சின்னக் கம்பெனியில் புரோகிராம் எழுதக் கற்றுக்கொள்கிறார். எழுதியதைத் திருத்திப் பிழை சொல்கிற சாஃப்ட்வேர்தான் அந்தச் செக்கர்.

அவருடைய குரு கோகிலவாணிக்கு முப்பத்து மூன்று. சிரிக்காதீர்கள். வித்தை என்ன, வயது பார்த்தா வருகிறது?

"எத்தனை வார்னிங் வருதுங்ணா?"

"நாப்பத்தி மூணு. எல்லாம் ஒரே பல்லவி. மருந்து எவ்வளவு போகுதுன்னு சென்சார் சொல்லாமப் போனா என்ன பண்ணுவேன்னு கேக்குது. அது ஏனுங்க சொல்லாமப் போகுது? ஒரு மாசமா ஓட்டிப் பாக்கறேன், ஒரு தடவைகூட அது சொல்லாம விட்டதில்லைங்க."

"செக்கர் ஓட்டிப் பாக்காதுங்ணா. புரோகிராமைப் படிச்சுத்தான் பாக்கும்."

"அப்பறம், சென்சார் கைவிடும்னு அதுக்கு யாருங்க சொன்னது?"

"சென்சாரோட வந்த லைப்ரரி ஃபைல்."

அவ்வளவுதான். திரும்பித் தன் வேலையைப் பார்க்க உட்கார்ந்துவிட்டாள். வார்த்தையை அளந்துதான் விடுவாள், மகராசி.

மாசிலாமணி அந்த ஃபைலைத் திறந்தார். வேலை செய்கிற வரி அதில் ஒன்றுகூட இல்லை. புரோகிராமில் கூப்பிடுகிற எந்த ஃபங்ஷன் எதை வாங்கும், எதைத் திருப்பித் தரும் என்று வரிசையாக வெறும் வாக்குமூலம். ஆனால் செக்கருக்கு அதுதான் வேதவாக்கு.

சென்சாருக்கு நேரே இப்படி இருந்தது: அளவு தரும், சில சமயம் தராமலும் போகும்.

ஐந்து மணிக்கு வண்டி வரும். குழந்தைகள் வார்டுக்கு ஆறு பம்ப் போகிறது. அவர் எழுதிய முதல் புரோகிராம் அதில் போயாக வேண்டும். சம்பந்தி வரைக்கும் சொல்லியாகிவிட்டது. ஒரே ஒரு வார்னிங் மிச்சம் இருந்தாலும் அனுப்ப மாட்டார்கள்.

ஆசை யாரை விட்டது? மனுஷன் அந்த வரியின் பின்பாதியை அழித்தார். 'எப்போதும் அளவு தரும்' என்று எழுதினார்.

செக்கரை மறுபடி விட்டார்.

சைபர்!

"அம்மணி, ஓடியாங்க!"

கோகிலவாணி வந்தாள். சைபரைப் பார்த்தாள். ஃபைலையும் பார்த்தாள். திட்டுவாள் என்று எதிர்பார்த்தார். அவள் திட்டவில்லை.

"சென்சார் எப்பவும் அளவு தருமுங்களாண்ணா?"

"தருமுங்க."

"யாரு சொன்னாங்க?"

"ஃபைல்லயே இருக்குதுங்களே."

"ஃபைல்ல எழுதுனது?"

"நான்தானுங்க."

அவள் தலையை ஆட்டினாள். மேஜையிலிருந்த பம்ப் ஒன்றில் அவருடைய புரோகிராமை ஏற்றினாள். சலைன் பாட்டிலை மாட்டினாள். சுடிதார் கையை முழங்கைக்கு மேலே சுருட்டி, கையை மேஜைமேல் நீட்டி வைத்தாள்.

"ஊசி குத்தறதுக்கு முதலுதவி ரூம் சிஸ்டரைக் கூப்பிடுங்ணா."

"எதுக்குங்க?"

"குழந்தைகளுக்குப் போறதுக்கு முன்னாடி எனக்கு ஏறட்டும்."

"அட, சும்மா இருங்க அம்மணி. விளையாடாதீங்க."

"விளையாடலீங்ணா. எப்பவும் தரும்னு நீங்க எழுதியிருக்கீங்க. எனக்கு அது போதும்."

அவள் முகத்தில் கேலி இல்லை. அதுதான் மாசிலாமணியை உலுக்கியது. பெற்ற பெண்கூட அவரை இப்படி நம்பியதில்லை.

சென்சார் ஒயரைப் பார்த்தார். நூல் மாதிரி இருந்தது. அது ஒரு நொடி பேசாமல் போனால் பம்ப் என்ன செய்யும்? நாற்பத்து மூன்று இடத்திலும் அதற்கென்று அவர் ஒன்றும் எழுதவில்லை. ஆகவே என்ன செய்யும் என்று அவருக்கே தெரியாது.

கீழே ஹாரன் அடித்தது.

"வண்டி வந்துருச்சுங்ணா. சிஸ்டரைக் கூப்பிடலீங்களா?"

மாசிலாமணி அவள் கையைப் பிடித்து மேஜையிலிருந்து இறக்கப் போனார்.

"வண்டி வெறுமனே போகட்டும். நீ கையை எடு, தாயி."